பிறந்தநாளுக்கு இரண்டு முனியா

ஐயா,

இந்தக் கடிதம் உன் கைக்கு வரும்போது உன் மகன் எப்படி இருப்பான் என்று தெரியாமல் எழுதுகிறேன். அதனால் நலமா என்று கேட்டு ஆரம்பிக்கக் கை வரவில்லை. போனிலேயே சொல்லியிருக்கலாம்தான். ஆனால் தினமும் சாயந்திரம் நீ பேசுவது மூன்று வாக்கியம். "அப்படியேதான் இருக்கான். டாக்டர் காலைல வந்தாங்க. நீங்க சாப்ட்டீங்களா?" மூன்றாவதிலேயே உன் குரல் அறுந்துவிடும். நானும் சாப்பிட்டேன் என்று சொல்லி வைத்துவிடுவேன். அதற்குள் இவ்வளவு பெரிய விஷயத்தை எங்கே நுழைப்பது? எழுத்து கோணலாக இருந்தால் பொறுத்துக்கொள். ஆபரேஷன் செய்த வலது கண்ணுக்குள் டாக்டர் வைத்த காற்றுக்குமிழி இன்னும் கரையவில்லை. தலையை அசைத்தால் கொத்தனாரின் ரசமட்டத்தில் ஆடுவதுபோல் அதுவும் ஆடுகிறது. அது கரையும்வரை விமானம் ஏறக் கூடாது. பெங்களூரு மேட்டு ஊர், ரயிலிலும் போகாதீர்கள் என்று கறாராகச் சொல்லிவிட்டார். பேரன் பிறந்து பதினேழு நாளாகிறது. தாத்தா நான் இங்கே பாலிகஞ்ச் வீட்டில் குப்புறப் படுத்துக் கிடக்கிறேன். என்னைவிடக் கையாலாகாதவன் ஒருவனை நீ பார்த்திருக்க மாட்டாய்.

போன வாரம் ஒரு நாள் நான் கேட்டேன், "நான் இங்கன இருந்து ஏதாவது செய்யட்டுமாய்யா?" என்று.  நீ, "எதுவும் செய்ய வேண்டாம்ப்பா. சும்மா இருங்க. ப்ளீஸ்" என்றாய். என்னிடம் ப்ளீஸ் போட்டுப் பேசுகிற பிள்ளை இல்லை நீ. எதை நினைத்துச் சொல்கிறாய் என்று எனக்குப் புரிந்தது. சரிய்யா என்று வாக்குக் கொடுத்தேன். அந்த வாக்கு ஒரு நாள்கூடத் தாங்கவில்லை. இப்போது சாப்பாட்டு மேஜையில், நீ முன்பு வெள்ளெலி வளர்த்த கம்பிக் கூண்டு இருக்கிறது. அதற்குள் இரண்டு முனியாக் குருவி. நாளைக்குப் புரட்டாசி ரோகிணி. உன் பிறந்தநாள்.

இது எங்கே ஆரம்பித்தது என்று உனக்கு நான் முழுசாகச் சொன்னதில்லை. நீயும் நாள் முந்திப் பிறந்தவன்தான். உன் மகன் அளவுக்கு முந்தவில்லை, ஆனால் அப்போது இவ்வளவு கருவிகளும் இல்லை. நாலாம் நாள் மூச்சு இழுக்க ஆரம்பித்தாய். என்னை வெளியே போய் நிற்கச் சொன்னார்கள். வெளியே என்றால் எங்கே? நடந்து நடந்து கரியாஹாட் சந்துக்கு வந்துவிட்டேன். அங்கே ஒருவன் சைக்கிள் கேரியரில் மூங்கில் கூண்டு கட்டிக்கொண்டு நின்றான். உள்ளே முப்பது நாற்பது சின்னக் குருவிகள். காப்பிப்பொடி நிற முதுகு, வெள்ளை நெஞ்சில் மீன் செதில் மாதிரிக் கறுப்புக் கோடுகள், விதை உடைக்கிற தடித்த மூக்கு. நம் ஊர்ப் பக்கம் தினைக்குருவி என்போம். இங்கே முனியா. இடம் போதாமல் ஒன்றின்மேல் ஒன்று ஏறி வாயைத் திறந்து மூச்சு வாங்கிக்கொண்டிருந்தன. அது எனக்குத் தாங்கவில்லை. இரண்டை வாங்கி, அங்கேயே நடுத்தெருவில் கையை விரித்துவிட்டேன். டிராம் கம்பிக்கு மேலே ஏறிப் போய்விட்டன. திரும்பி வந்தால் நர்ஸ் சிரித்துக்கொண்டே வந்து, பால் குடித்தான் என்றாள். ஐயா, அந்த நேரத்தில் அந்த நர்ஸ் எந்தச் சாமி பெயரைச் சொல்லியிருந்தாலும் அந்தக் கோவிலுக்கு உருண்டே போயிருப்பேன். அவள் எதுவும் சொல்லவில்லை. அதனால் குருவிதான் காரணம் என்று நானாக முடிவு கட்டினேன். வருஷா வருஷம் உன் நட்சத்திரத்தன்று இரண்டு முனியாவைப் பறக்கவிடுகிறேன் என்று நேர்ந்துகொண்டேன்.

அதன்பிறகு நடந்ததெல்லாம் உனக்கே தெரியும். புரட்டாசி பிறந்தால் ஷிபுவிடம் தேதி சொல்லிவிடுவேன். அந்தச் சைக்கிள்காரன்தான், நீ சித்தப்பா முறை வைத்து ஷிபுகாக்கு என்று கூப்பிடுகிறவன். முதல் நாள் சாயந்திரமே காகிதப் பையில் ஓட்டை போட்டுக் கொண்டுவந்து கொடுப்பான். காலையில் நீ புதுச் சட்டை போட்டுக்கொண்டு மொட்டைமாடியில் கூண்டுக் கதவைத் திறப்பாய். உன் அம்மா சர்க்கரைப் பொங்கலோடு நிற்பாள். பக்கத்து வீட்டு மாஷிமா சங்கு ஊதுவார். நான் பெரிய தர்மவான் மாதிரி மார்பை நிமிர்த்திக்கொண்டு நிற்பேன். தேயிலைக் கம்பெனியில் என்கூட வேலை பார்த்தவர்களெல்லாம் பிள்ளைகள் பிறந்தநாளுக்குக் கேக் வெட்டினார்கள். என் பையன் இரண்டு உயிருக்கு விடுதலை கொடுக்கிறான் என்று அலுவலகம் முழுக்கச் சொல்லித் திரிவேன். எனக்கு இருந்த கர்வத்தில் அந்த உயிர்களை யார் அடைத்தார்கள் என்று ஒரு தரம்கூட யோசிக்கவில்லை.

நீதான் யோசித்தாய். உனக்குப் பதினோரு வயதில், ஷிபு ஒரு ஞாயிற்றுக்கிழமை நம் இரண்டு பேரையும் பைபாஸுக்கு அந்தப்புறம் கூட்டிக்கொண்டு போனான், நினைவிருக்கிறதா? ஆள் உயரத்துக்குக் காஷ் புல், நம் ஊர் நாணல்தான், வெள்ளையாகப் பூத்துக் கிடந்தது. நான் செருப்பில் ஒட்டிய சேற்றைப் பற்றியே புலம்பிக்கொண்டு வந்தேன். நீ புல்லையே பார்த்துக்கொண்டு வந்தாய். ஒரே புல் தண்டில் ஏழெட்டு முனியா தோளோடு தோள் இடித்துக்கொண்டு உட்கார்ந்திருந்தன. நடுவில் இருந்த ஒன்று பறந்தால் மற்றவை நகர்ந்து நெருங்கி அந்த இடத்தை மூடிவிடும். கதிர் பாரம் தாங்காமல் வளையும், அவையும் சறுக்கிக்கொண்டே விதையை உருவும். ஒரு முட்புதருக்குள் கூடு இருந்தது. தேங்காய் அளவு புல்லுருண்டை, பக்கவாட்டில் வாசல், உள்ளே காஷ் பூ மெத்தை. வாசலில் ஒரு ஆண் குருவி கழுத்தை நீட்டி, தொண்டை துடிக்கத் துடிக்கப் பாடியது. நமக்கு எதுவும் கேட்கவில்லை. ஷிபு சொன்னான், அது அப்படித்தான், பக்கத்தில் உட்கார்ந்திருக்கிற இன்னொரு முனியாவுக்கு மட்டும் கேட்கிற மாதிரி பாடும் என்று. வீட்டுக்கு வந்து நீ அம்மாவிடம் இரண்டு நாள் அதையே பேசினாய். எனக்குச் சேறு மட்டும்தான் நினைவிருந்தது.

அடுத்த வருஷம் பிறந்தநாளுக்கு முதல் நாள் ஷிபு பையோடு வந்தான். வழக்கமாக அவன் கேரியரில் இருக்கும் பெரிய கூண்டைக் காணோம். "வியாபாரம் என்னாச்சு?" என்று ஒப்புக்குக் கேட்டேன். அவன் வெகுளியாகச் சிரித்தான். "ஷுது ஆப்னார் ஜொன்னோ தோரி, தாதா" என்றான். உங்களுக்காக மட்டும்தான் பிடிக்கிறேன், அண்ணா. இப்போதெல்லாம் முனியாவை யாரும் வாங்குவதில்லை, நான் பழக் கடைக்கு மாறிவிட்டேன், உங்கள் பையன் பிறந்தநாள் என்பதால் விடிகாலையில் அந்தப் புல்லுக்குப் போய் இந்த இரண்டை மட்டும் பிடித்து வந்தேன் என்று விவரமாகச் சொன்னான். அவனுக்கு அதில் பெருமை. எனக்கும் பெருமைதான், நமக்காக எவ்வளவு சிரமப்பட்டிருக்கிறான் பார் என்று உன்னிடமே திரும்பிச் சொன்னேன். நீ கதவோரம் நின்றுகொண்டிருந்தாய். உன் முகம் போன போக்கை நான் கவனிக்கவில்லை, அல்லது கவனித்தும் ஒதுக்கிவிட்டேன்.

மறுநாள் மாடியில் நீ கூண்டைத் திறக்க மாட்டேன் என்றாய். மாஷிமா சங்கோடு நிற்கிறார், பொங்கல் ஆறுகிறது, எனக்கு ஆபீஸுக்கு நேரமாகிறது. "ஏலே, தொறல" என்றேன். நீ கையைப் பின்னால் கட்டிக்கொண்டு கேட்டாய், "நாம கேக்கலைன்னா அது அங்கனயே இருந்திருக்கும்லாப்பா?" அவ்வளவுதான் நீ கேட்டது. பன்னிரண்டு வருஷமாக நான் கட்டி வைத்திருந்தது மொத்தமும் அந்த ஒரு கேள்வியில் சரிந்தது. எனக்குப் பதில் தெரியும். தெரிந்ததால்தான் அடித்தேன். பிறந்தநாள் அன்று, புதுச் சட்டையோடு, மாஷிமா முன்னால் பளாரென்று ஒரு அறை. பிறகு உன் கையைப் பிடித்து இழுத்து, கூண்டுக் கொக்கியில் உன் விரலை வைத்து, நானே அழுத்தித் திறந்தேன். ஒன்று பறந்துவிட்டது. இன்னொன்று கைப்பிடிச் சுவரில் தத்தி நின்றது. இறக்கையை விரித்தது, விரியவில்லை. ஷிபு பலாப்பாலைக் காய்ச்சிக் குச்சியில் தடவிப் பிடித்திருக்கிறான், அந்தப் பசை இறகில் ஒட்டியிருந்தது. நீ ஓடிப்போய் எடுப்பதற்குள் காக்கை கொண்டுபோய்விட்டது. நீ அழவில்லை. கீழே போய்ச் சட்டையைக் கழற்றி மடித்து என் கட்டிலில் வைத்துவிட்டுப் பள்ளிக்கூடம் போனாய். அதற்குப் பிறகு எந்தப் பிறந்தநாளுக்கும் நீ மாடிக்கு வரவில்லை, நானும் கூப்பிடவில்லை.

அதோடு நான் திருந்திவிட்டேன் என்றுதானே இத்தனை வருஷம் நினைத்துக்கொண்டிருக்கிறாய்? உன் அம்மாவும் அப்படித்தான் நினைத்திருக்கிறாள். இல்லை ஐயா. அதற்கப்புறமும் நாலு வருஷம், உனக்குத் தெரியாமல், ஆபீஸ் போகிற வழியில் ஷிபுவிடம் வாங்கி ஏரிக்கரையில் விட்டேன். நிறுத்தினால் உனக்கு ஏதாவது ஆகிவிடும் என்று பயம். உனக்கு டைபாய்டு வந்த வருஷம், ஒரு குருவிதான் கிடைத்தது, அதனால்தான் வந்தது என்றுகூட நம்பினேன். கடைசியில் நான் நிறுத்தவில்லை, அதுவாக நின்றது. அந்தக் காஷ் புல் முழுக்க மணல் கொட்டி மேடாக்கிவிட்டார்கள், இனிமேல் அங்கே முனியா இல்லை தாதா என்று ஷிபு வந்து சொன்னான். இப்போது அங்கே இருபது மாடிக் கட்டடங்கள் நிற்கின்றன. அந்த வழியாக டாக்சியில் போகும்போதெல்லாம் நீ ஜன்னல் பக்கம் திரும்பிக்கொள்வாய். நான் டிரைவரிடம் ஏதாவது பேச்சுக் கொடுப்பேன்.

இப்போது நடந்ததைச் சொல்கிறேன். உனக்கு வாக்குக் கொடுத்த மறுநாள் காலையில் உன் அம்மா பெங்களூரு ஆஸ்பத்திரியிலிருந்து கூப்பிட்டாள். "ஏங்க, கண்ணாடி வழியா பாத்தேன். பிள்ள வாயத் தொறந்து அழுதான். தொண்டைக்குள்ள கொழாய் வச்சிருக்காவல்லா, சத்தமே வரமாட்டேங்கு. பெத்தவ நந்தினி அந்தக் கண்ணாடிய விட்டு நகர மாட்டேங்கா. எனக்குப் பாக்க முடியலைங்க" என்றாள்.  தைரியமா இரு என்றேன். போனை வைத்தேன். அப்புறம் எப்படிச் சட்டை போட்டேன், எப்படிக் கரியாஹாட் போனேன் என்று சொல்லத் தெரியவில்லை. ஒரு கண்ணில் மறைப்பு, பூஜைப் பந்தலுக்குக் கட்டிய மூங்கிலில் இரண்டு இடத்தில் முட்டிக்கொண்டேன். ஷிபு அதே சந்தில்தான் இருக்கிறான். கிழவனாகிவிட்டான், மொபைலுக்கு உறை விற்கிறான். இரண்டு முனியா வேண்டும் என்றேன். அவன் பதறிப்போய் அக்கம்பக்கம் பார்த்தான். "அதெல்லாம் இப்போது கேஸ் ஆகிவிடும் தாதா. நான் விட்டே வெகுகாலம் ஆச்சு" என்றான். பிறகு என் கண்கட்டைப் பார்த்து, "யாருக்கு உடம்பு சரியில்லை? கோக்காவுக்கா?" என்று கேட்டான். முப்பத்திரண்டு வயதில் நீ இன்னும் அவனுக்குக் கோக்காதான், சின்னப் பையன்தான். கோக்காவின் பிள்ளைக்கு என்றேன். அவன் கடைப் பலகையில் உட்கார்ந்து அழுதேன். அவன் டீ வாங்கிக் கொடுத்து, ரிக்‌ஷாவில் ஏற்றி அனுப்பினான். சரி, முடிந்தது, நல்லவேளை என்றுதான் நினைத்தேன்.

நேற்றுச் சாயந்திரம் கதவு தட்டினான். கையில் மிட்டாய் டப்பா, மூடியில் ஊசித் துளைகள். தெற்கே போகிற லோக்கலில் ஏறி, கடைசிக்கு முந்தின ஸ்டேஷனில் இறங்கி, வாய்க்கால் ஓரமாக ரொம்ப தூரம் நடந்திருக்கிறான். அங்கே இன்னும் கொஞ்சம் புல் மிச்சம் இருக்கிறதாம். வலை வீச இப்போது தோளில் பலம் இல்லை, பழையபடி பசைக் குச்சிதான் வைத்தானாம். முழங்காலுக்குக் கீழே சேறு காய்ந்திருந்தது. பணத்தை நீட்டினேன், கையை மடக்கி என் பையிலேயே திணித்தான். "கோக்காவின் பிள்ளைக்கு, தாதா. உங்களுக்காக மட்டும்தான்" என்றான். அதே வார்த்தை. அவன் அன்பாகத்தான் சொல்கிறான். அன்றைக்கும் அன்பாகத்தான் சொன்னான்.  டப்பாவைத் திறந்து பார்த்தால், ஒன்று நன்றாக இருக்கிறது. இன்னொன்றின் இடது இறக்கையில் பசை. ஒட்டிப்போன இறகுகளை ஷிபுவே மெதுவாக உருவிவிட்டான். புதிது முளைக்க ஒரு மாதமாவது ஆகும், அதுவரை பறக்காது என்றான். டாக்டரும் உன்னிடம் ஒரு மாதம் தாண்டட்டும் என்றுதானே சொல்லியிருக்கிறார்.

கம்பில் இரண்டும் ஒட்டி உட்கார்ந்திருக்கின்றன. நன்றாக இருக்கிறதுதான் ஆண் போலிருக்கிறது. காலையில் நான் தினை போட்டபோது கழுத்தை நீட்டி, வாயைத் திறந்து, தொண்டை துடிக்கப் பாடியது. காதைக் கூண்டின் மேலேயே வைத்துப் பார்த்தேன். எனக்குக் கேட்கவில்லை. உன் அம்மா போனில் சொன்னது நினைவுக்கு வந்து, எழுந்து அடுப்படிக்குப் போய்விட்டேன்.

நாளைக் காலையில் நான் கதவைத் திறக்கப் போவதில்லை.  திற, திறந்தால் பிள்ளை பிழைத்துவிடும் என்று நெஞ்சு அடித்துக்கொள்கிறது. திறக்காமல் இருந்து, உன்னிடமிருந்து கெட்ட செய்தி வந்துவிட்டால் நான் என்ன ஆவேன் என்று தெரியவில்லை. ஆனால் திறந்தால் ஒன்று போய்விடும். மற்றது இங்கே தனியாக இருக்கும், அல்லது காக்கைக்குப் போகும். என் பேரனுக்கு மூச்சு வேண்டும் என்று அதை மறுபடியும் என்னால் செய்ய முடியாது. எனக்கு ஒன்றும் செய்யத் தெரியவில்லை ஐயா. கும்பிடவும் தெரியவில்லை. எனக்குத் தெரிந்த ஒரே கும்பிடு அந்தக் கொக்கிதான், அதையும் இப்போது தொடக் கூடாது. இறகு முளைத்ததும் ஷிபுவும் நானும் அந்த லோக்கலில் போய், பிடித்த புல்லிலேயே இரண்டையும் சேர்த்து விட்டுவிட்டு வருகிறோம். ஏதோ ஒரு சாதாரண நாளில் போவோம். அன்று ரோகிணியும் இருக்காது, நேர்ச்சையும் இருக்காது.

அப்பன் என்ற முறையில் உனக்குப் புத்தி சொல்ல எனக்கு யோக்கியதை இல்லை. இருந்தாலும் ஒன்று சொல்கிறேன். உன் மகன் வளர்ந்து ஒரு நாள் உன்னிடம் ஒரு கேள்வி கேட்பான். கேட்பான் என்றே எழுதுகிறேன். கேட்டால் என்று எழுத எனக்கு மனசில்லை. உன்னைத் தப்பு என்று சொல்கிற கேள்வியாக அது இருக்கும். அப்போது யார் நின்று பார்த்தாலும், எது ஆறிப்போனாலும், அந்த இடத்திலேயே அவனுக்குப் பதில் சொல்லிவிடு. தள்ளிப்போடாதே. தள்ளிப்போட்டால் எவ்வளவு காலம் ஆகிவிடும் என்பதற்கு நான் ஒருத்தன் போதும்.

நாளைச் சாயந்திரம் நீ கூப்பிடுவாய். அப்படியேதான் இருக்கான் என்பாய். சாப்ட்டீங்களா என்பாய். நான் சாப்பிட்டேன் என்பேன். குருவிகளைப் பற்றி வாயைத் திறக்க எனக்குத் தைரியம் இருக்காது, அதனால்தான் இந்தக் கடிதம். இதைப் படித்துவிட்டு என்னைத் திட்டத் தோன்றினால் திட்டு. மாடியில் நீ கேட்டதற்குக் கை நீட்டினேன். இருபது வருஷம் கழித்துப் பதில் சொல்கிறேன், வாங்கிக்கொள்.

ஆமாய்யா. நாம் கேட்காமல் இருந்திருந்தால் அது அங்கேயே இருந்திருக்கும்.

அப்பா